அந்த அலமாரியில் என்ன இருக்கிறது? – வாசகர் கேள்வி பதில்

சினிமாவில் கலைத்துறை வேலை பற்றிச் சந்தேகம் இருந்தால் எழுதுங்கள் என்று போன இதழில் கேட்டிருந்தோம். வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் எல்லையோர ஊர்களிலிருந்து. நானும் மீனாட்சிபுரத்துக்காரன்தான், பாலக்காட்டுக்கும் பொள்ளாச்சிக்கும் நடுவில் வளர்ந்து, செட் உதவியாளாக நுழைந்து, பல வருஷம் பொருள் சேர்த்து அடுக்குகிற வேலையே பார்த்தவன். அதனால் இந்தத் தடவை பதில்களில் நம்ம பக்கத்து வாடை கொஞ்சம் தூக்கலாக இருக்கும்.

கேள்வி: அண்ணா, நான் பி.காம். மூன்றாம் வருஷம். படம் பார்த்தால் என் கண் ஹீரோ மேல் நிற்பதில்லை, பின்னால் இருக்கும் அலமாரிக்குப் போய்விடுகிறது. கலை இயக்குநர், புரொடக்‌ஷன் டிசைனர், செட் டெகரேட்டர் என்கிறார்களே, மூன்றும் ஒன்றா? எனக்கு எது சரிப்படும்?
– வாசகி, கொழிஞ்சாம்பாறை

பதில்: அம்மணி, கண் அலமாரிக்குப் போகிறது என்றால் பாதி வேலை ஏற்கெனவே தொடங்கிவிட்டது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

ஒரு காட்சி சொல்கிறேன். இயக்குநர் வந்து, "அப்பா இறந்து ஆறு மாசம் ஆன வீடு, அம்மாவும் ஒரு பெண்ணும் மட்டும் இருக்கிறார்கள்" என்கிறார். அவ்வளவுதான் சொல்வார். அது எந்த மாதிரி வீடு, எந்தத் தெருவில், எத்தனை ஜன்னல், சுவர் என்ன நிறம், படம் முழுக்க வருகிற மற்ற இடங்களோடு இந்த வீடு எப்படிச் சேரும் அல்லது சேராமல் நிற்கும் என்று முடிவு செய்கிறவர் புரொடக்‌ஷன் டிசைனர். அதை அளவு போட்டு வரைந்து, ஆசாரி, மோல்டிங் ஆள், பெயின்டர் எல்லோரையும் வைத்து, சொன்ன தேதிக்குள் சொன்ன பணத்துக்குள் நிறுத்துகிறவர் கலை இயக்குநர். வீடு நின்றுவிட்டது. இப்போது அது காலி வீடு. அதற்குள் அப்பாவின் மூக்குக் கண்ணாடிக் கூட்டை எங்கே வைப்பது, அவர் சைக்கிள் இன்னும் திண்ணையில் நிற்குமா, அம்மா அவருடைய சட்டைகளைத் தானம் கொடுத்துவிட்டாளா அல்லது கொக்கியில் ஒன்றே ஒன்று தொங்குகிறதா, மருந்துச் சீட்டுகளை இன்னும் அந்த டப்பாவிலேயே வைத்திருக்கிறாளா என்று யோசித்துத் தேடிக் கொண்டுவந்து அடுக்குகிறவர் செட் டெகரேட்டர்.

இது வெளிநாட்டில் இருக்கும் பிரிவினை. நம் ஊரில் பெரும்பாலான படங்களில் கலை இயக்குநர் என்கிற ஒரே பெயருக்குள் மூன்றும் அடங்கிவிடும், மூன்றாவது வேலையை உதவியாளர்கள் செய்வார்கள், ‘பிராப்பர்ட்டி’ பார்க்கிறவர் என்று சொல்வார்கள், டைட்டிலில் கடைசியில் வேகமாக ஓடுகிற பெயர்களில் ஒன்றாக வந்தால் உண்டு.

புரொடக்‌ஷன் டிசைனர் என்ற பெயரே 1939இல் ‘கான் வித் தி விண்ட்’ படத்தில் வில்லியம் கேமரான் மென்சிஸ் என்பவருக்குக் கொடுக்கப்பட்டதிலிருந்துதான் புழக்கத்துக்கு வந்தது. ஆஸ்கரில் இந்தத் துறைக்கான விருது ரொம்ப வருஷம் ‘ஆர்ட் டைரக்‌ஷன்’ என்றுதான் இருந்தது, 2012இல் ‘புரொடக்‌ஷன் டிசைன்’ என்று மாற்றினார்கள். ஆனால் பெயர் எதுவாக இருந்தாலும், அந்தச் சிலையை செட் டெகரேட்டரும் சேர்ந்து வாங்குவார். நம் மண்ணில் எடுத்த ‘காந்தி’ படத்துக்கு இந்த விருது கிடைத்தபோது ஸ்டூவர்ட் கிரெய்க், பாப் லைங் என்ற இருவரோடு செட் அலங்காரத்துக்காக மைக்கேல் சீர்ட்டன் பெயரும் இருந்தது. அதே ஸ்டூவர்ட் கிரெய்க் பின்னால் ஹாரி பாட்டர் படங்கள் எட்டையும் வடிவமைத்தார், எட்டிலும் அந்த மந்திரப் பள்ளிக்கூடத்தின் நாற்காலி, மேஜை, புத்தகம், சாமான் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டவர் ஸ்டெபனி மெக்மில்லன் என்ற அம்மா. ‘தி இங்கிலிஷ் பேஷண்ட்’ படத்துக்கு இந்த இருவரும் சேர்ந்து ஆஸ்கர் வாங்கினார்கள். நம் தேசிய விருதில் வடிவமைப்புக்கு விருது உண்டு, பொருள் அடுக்கியவருக்கென்று தனியாக ஒன்றும் இல்லை. எனக்கு இதில் உண்மையிலேயே வருத்தம் உண்டு, விருது போகட்டும், டைட்டிலில் தனி கார்டாவது கொடுங்கள் என்று பார்க்கிற தயாரிப்பாளர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டுதான் இருக்கிறேன்.

உங்களுக்கு எது சரிப்படும்? கணக்குப் படிக்கிறீர்கள், கண் அலமாரியில் இருக்கிறது. செட் டெகரேட்டர் வேலைக்கு இந்த இரண்டும் வேண்டும். எதை வாடகைக்கு எடுத்தோம், எதை விலைக்கு வாங்கினோம், எது எந்த வீட்டிலிருந்து வந்தது, எது எப்போது திரும்பிப் போக வேண்டும் என்ற கணக்கு தப்பினால் எத்தனை ரசனை இருந்தும் அடுத்த படம் வராது.

கேள்வி: உங்களுக்குப் பிடித்த கலை இயக்குநர் யார்?
– வாசகர், ஆனைமலை

பதில்: ஆனைமலையில் இருந்துகொண்டு இதைக் கேட்கிறீர்கள். மேலே ஏறினால் வால்பாறை. சாபு சிரில் அங்கே பிறந்தவர். அவருக்கு முதல் தேசிய விருது வாங்கித் தந்த ‘தேன்மாவின் கொம்பத்து’ 1994இல் நம்ம பொள்ளாச்சிப் பக்கம் எடுத்த மலையாளப் படம். அந்தப் படத்து ஊரைப் பாருங்கள், அது கேரளாவும் இல்லை, தமிழ்நாடும் இல்லை, எங்கேயுமே இல்லாத ஒரு ஊர், ஆனால் அதில் மாட்டு வண்டி ஓட்டுகிறவன் அங்கேயே பிறந்து வளர்ந்தவன் என்று நம்பிவிடுவோம். இரண்டு பக்கமும் பார்த்து வளர்ந்த கண்ணுக்குத்தான் அது வரும் என்று எனக்கு ஒரு எண்ணம், ஊர்ப்பாசம் என்று நினைத்தாலும் சரி. அதற்கப்புறம் ‘காலாபாணி’, ‘எந்திரன்’, ‘பாகுபலி’ என்று அவர் போன தூரம் எல்லோருக்கும் தெரியும்.

இன்னொருவர் பி. கிருஷ்ணமூர்த்தி. பூம்புகாரில் பிறந்த தமிழர், ‘ஒரு வடக்கன் வீரகதா’ என்ற மலையாளப் படத்தின் களரியையும் வீட்டையும் அமைத்துத் தேசிய விருது வாங்கினார், அப்புறம் ‘பாரதி’க்கும் வாங்கினார். பிறகு தோட்டா தரணி, ‘நாயகன்’ படத்துக்காகத் தாராவியைச் சென்னை வீனஸ் ஸ்டுடியோவில் எழுப்பியவர். இன்றைக்கும் அது செட் என்று சொன்னால் நம்பாதவர்கள் இருக்கிறார்கள்.

கேள்வி: அண்ணா, நாங்கள் நண்பர்கள் சேர்ந்து குறும்படம் எடுக்கிறோம். கதை கேரளாவில் ஒரு வீட்டில் நடக்கிறது, ஆனால் எங்களுக்கு வசதிப்பட்டது செங்கோட்டையில் ஒரு வீடுதான். செட் போடப் பணம் இல்லை. பார்க்கிறவர்கள் கேரளா என்று நம்ப என்ன செய்யலாம்?
– வாசகர், செங்கோட்டை

பதில்: தம்பி, உங்கள் ஊர் 1956 நவம்பர் முதல் தேதி வரைக்கும் திருவிதாங்கூர்-கொச்சி மாநிலத்தில்தான் இருந்தது, அதனால் பழைய வீடாகப் பார்த்துப் பிடித்திருந்தால் சுவருக்கும் கூரைக்கும் நீங்கள் பெரிதாக ஒன்றும் செய்ய வேண்டியிருக்காது. எல்லையில் எப்போதும் இப்படித்தான். வெளியே நின்று பார்த்தால் அதே ஓட்டு வீடு, அதே தென்னை, அதே கிணறு. உள்ளே போய்ச் சாமானைப் பார்த்தால்தான் எந்தப் பக்கம் என்று தெரியும்.

முதலில் சாப்பாட்டு மேஜையில் ஒரு கண்ணாடி ஜாடியில் பதிமுகம் என்கிற மரச்சீவலைப் போட்டுக் காய்ச்சிய தண்ணீர் வையுங்கள், இளஞ்சிவப்பாக இருக்கும். அந்த ஒரு ஜாடி பத்துப் பெயர்ப் பலகை செய்கிற வேலையைச் செய்யும். டம்ளர் டவராவை உள்ளே எடுத்து வைத்துவிட்டு டீயைக் கண்ணாடி கிளாஸில் கொடுங்கள். தட்டில் மட்டை அரிசிச் சோறு. வாசலில் கோலம் இருந்தால் கழுவிவிடுங்கள், நம்ம ஆட்கள் ஷூட்டிங் நாளிலும் காலையில் எழுந்து பழக்கத்தில் போட்டுவிடுவார்கள், வீட்டுக்காரம்மாவிடம் முன்னாலேயே சொல்லி வையுங்கள். வாசலில் நிற்கும் வண்டியின் நம்பர் பிளேட்டை மறக்காதீர்கள். அலமாரித் தட்டில் விரித்த பழைய பேப்பர் மலையாளப் பேப்பராக இருக்கட்டும்.

அப்புறம் காலண்டர். நம் வீடுகளில் தொங்கும் தினசரிக் காலண்டரைக் கழற்றிவிட்டு மலையாள மாசக் காலண்டர் மாட்டுங்கள். இதில் இன்னொரு லாபமும் உண்டு. ஒரு படத்தில் ஒரே நாளில் நடக்கிற கதையை எட்டு நாள் எடுத்தோம், தினசரிக் காலண்டர்தான் சுவரில். இரண்டாம் நாள் காலையில் அந்த வீட்டுத் தாத்தா எழுந்து, வாழ்நாள் பழக்கம், தாளைக் கிழித்துப் போட்டுவிட்டார். அவர் மேல் என்ன தப்பு, அது அவர் வீடு. அன்றிலிருந்து தினசரிக் காலண்டர் வைப்பதாக இருந்தால் ஒரே மாதிரி மூன்று வாங்கி வைத்துக்கொள்வேன்.

விளக்கு பற்றியும் சொல்ல வேண்டும், ஏனென்றால் அதில்தான் நான் தலைகுனிந்தேன். ஆனைமலைக்குப் பக்கத்தில் ஒரு கவுண்டர் வீடு, சாவு நடந்த வீட்டுக் காட்சி. தலைமாட்டில் எரிய விளக்கு வேண்டும். எனக்குப் பாலக்காடு பக்கம் என்பதால் அங்கேயிருந்து ஒரு நிலவிளக்கு வாடகைக்கு எடுத்து வந்து வைத்தேன், பித்தளை, அகலமான தட்டு, பார்க்க அவ்வளவு லட்சணம். வைட் ஷாட் எடுத்து முடித்தாயிற்று. பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்த வீட்டுப் பாட்டி மெதுவாக வந்து, "ஏங்கண்ணு, எங்கூட்டு எழவுக்கு மலையாளத்து விளக்கெதுக்கு?" என்று கேட்டுவிட்டு உள்ளே போய் அவருடைய காமாட்சி விளக்கை எடுத்து வந்தார். அதை வைத்து மற்ற ஷாட்களை எடுத்தோம். வைட் ஷாட்டைத் திரும்ப எடுக்க நேரம் இல்லை. இன்றைக்கும் அந்தப் படத்தில் அந்தக் காட்சியில் விளக்கு மாறும், பார்க்கும்போதெல்லாம் எனக்கு வயிற்றில் ஏதோ செய்யும். பாலக்காட்டுக்காரர் பார்த்தாலும் பொள்ளாச்சிக்காரர் பார்த்தாலும் அது தப்பு என்று தெரியும், நடுவில் வளர்ந்த எனக்கு அது தோன்றாமல் போனது. உங்கள் குறும்படத்துக்கு நிலவிளக்குதான் சரி. இரண்டு திரி போட்டுக் கிழக்கும் மேற்கும் பார்த்து ஏற்றுங்கள். ஏற்றுவதற்கு முன்னால் புளியரைப் பக்கமோ தென்மலைப் பக்கமோ அந்தப் பழக்கம் உள்ள ஒரு வீட்டில் கேட்டுவிடுங்கள், நான் சொன்னதை மட்டும் நம்ப வேண்டாம்.

கேள்வி: வரையத் தெரியாமல் இந்தத் துறைக்கு வர முடியுமா? எங்கே படிக்கலாம்?
– வாசகர், நகரி

பதில்: படம் வரைவது வேறு, அளவு வரைவது வேறு. முகம் வரையத் தெரியாவிட்டால் பரவாயில்லை. ஒரு அறையை அளந்து கால் அங்குலத்துக்கு ஒரு அடி என்று காகிதத்தில் போடத் தெரிந்தே ஆக வேண்டும், ஆசாரிக்கு அந்தக் காகிதம்தான் பேச்சு. கம்ப்யூட்டரில் ஸ்கெட்ச்அப் கற்றுக்கொண்டால் இன்னும் நல்லது.

முறையாகப் படிக்க வேண்டுமானால் சென்னை அரசு கவின் கலைக் கல்லூரி இருக்கிறது, 1850இல் தொடங்கியது, மேலே சொன்ன கிருஷ்ணமூர்த்தியும் சாபு சிரிலும் அங்கே படித்தவர்கள்தான். கும்பகோணத்திலும் அரசு கவின் கலைக் கல்லூரி உண்டு. பட்டம் முடித்தவர்களுக்குப் புனே திரைப்படக் கல்லூரியில் கலை இயக்கத்துக்கென்றே தனிப் படிப்பு இருக்கிறது. ஆர்க்கிடெக்சர் முடித்துவிட்டு வருகிறவர்களும் இப்போது நிறைய. படிக்காமல் உதவியாளாக நுழைந்து மேலே வந்தவர்களும் உண்டு, ஆனால் தமிழ்ப் படங்களில் தொடர்ந்து வேலை செய்யப் பெப்சி என்கிற திரைப்படத் தொழிலாளர் சம்மேளனத்தில் உள்ள சங்கத்தின் கார்டு வேண்டும், அதற்குப் பணமும் காத்திருப்பும் ஆகும், அதைக் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள்.

அதுவரை உங்கள் ஊர்த் தறிக்கொட்டகை ஒன்றை அளந்து வரைந்து பாருங்கள். தறிக்கும் சுவருக்கும் நடுவில் எத்தனை அடி, பாவு எங்கே வைக்கிறார்கள், டிபன் கேரியர் எந்த ஆணியில் தொங்குகிறது, பஞ்சுத் தூசி எந்த உயரத்தில் படிந்திருக்கிறது. வேலை கேட்டு வருகிறவர்கள் இணையத்தில் எடுத்த அரண்மனைப் படங்களைக் காட்டுவார்கள். ஒரு தறிக்கொட்டகையை முழுசாக வரைந்து கொண்டுவந்தால் நான் உட்கார வைத்துப் பேசுவேன்.

கேள்வி: புதுச் சுவரை எப்படி ஐம்பது வருஷப் பழசாக்குகிறீர்கள்?
– வாசகி, கம்பம்

பதில்: சுவர் ப்ளைவுட்தான், பின்னால் சவுக்குக் கட்டை நிற்கும். கேமரா உள்ளே வர வேண்டிய பக்கத்துச் சுவரைக் கழற்றி மாட்டுகிற மாதிரி செய்திருப்போம். அதன் மேல் ஒரே நிறத்தை அடித்து, அதன் மேல் அழுக்கைப் பூசினால் அழுக்குப் பூசிய புதுச் சுவராகத்தான் தெரியும். அந்த வீட்டுக்கு இதுவரை எத்தனை பொங்கலுக்கு வெள்ளை அடித்திருப்பார்கள், ஒரு தடவை நீலம், ஒரு தடவை பச்சை, கல்யாணத்துக்கு ரோஸ், அத்தனை நிறத்தையும் வரிசையாக அடிக்க வேண்டும். காய்ந்தபிறகு மூலையிலும் கதவுப் பக்கமும் உப்புத்தாள் போட்டுத் தேய்த்தால் உள்நிறங்கள் ஒவ்வொன்றாக எட்டிப் பார்க்கும்.

பிறகு மூன்று கேள்வி கேட்டுக்கொள்வேன். தண்ணீர் எங்கே ஓடியிருக்கும்? வெயில் எங்கே விழுந்திருக்கும்? கை எங்கே பட்டிருக்கும்? ஓடு ஒழுகிய இடத்திலிருந்து கீழ்நோக்கி டீ டிகாஷன் விட்டால் கறை இறங்கும். ஜன்னலுக்கு எதிர்ச்சுவர் வெளுத்திருக்க வேண்டும், அங்கே பழைய போட்டோ மாட்டியிருந்து கழற்றிய இடம் மட்டும் சதுரமாக அடர்நிறம். சுவிட்ச் பலகையைச் சுற்றிக் கைக்கறை. அடுப்புக்கு மேலே கரி. கட்டிலில் சாய்ந்து உட்காருகிற இடத்தில், சுவரில், தலை உயரத்துக்கு வட்டமாக ஒரு எண்ணெய்க் கறை. இந்த எண்ணெய்க் கறையை நான் எந்த வீட்டுக்கும் விட்டதில்லை, அதைப் பார்த்தால் அங்கே ஒருவர் தினமும் உட்கார்ந்து டிவி பார்க்கிறார் என்று வசனமே இல்லாமல் தெரிந்துவிடும். குழந்தை இருக்கிற வீடென்றால் கிறுக்கல் அந்தக் குழந்தையின் கை எட்டுகிற உயரத்துக்கு மேலே போகக் கூடாது. தரையில் தூசிக்கு முல்தானி மிட்டி, லேசாக இருக்கும், ஊதினால் வெளிச்சத்தில் அழகாகப் பறக்கும்.

வெள்ளைச் சுவர், வெள்ளை வேட்டி, வெள்ளைப் படுக்கை விரிப்பு எல்லாவற்றையும் டீத் தண்ணீரில் ஒருமுறை அடக்கிவிடுங்கள், இல்லாவிட்டால் கேமராமேன் உங்களைத் தேடி வருவார். இன்னொரு விஷயம், வாடகைக்கு எடுத்த நிஜ வீட்டில் உப்புத்தாள் போடாதீர்கள். தண்ணீரில் கழுவினால் போகிற நிறத்தை மட்டும் தொடுங்கள்.

கேள்வி: எங்கள் வீட்டில் ஷூட்டிங் நடத்தினார்கள். எங்கள் அம்மாவின் கல்யாணச் சீர் பீரோவை "சும்மா ரெண்டு நாள்" என்று வேறு இடத்துக்கு எடுத்துப்போய், கண்ணாடி உடைந்து திரும்பி வந்தது. கேட்டால் யாரும் பொறுப்பேற்கவில்லை. இனி என்ன செய்வது?
– வாசகர், வேலந்தாவளம்

பதில்: எந்தக் கம்பெனி என்று எழுதியிருந்தீர்கள், அதை இங்கே போடவில்லை. படித்ததும் எனக்குக் கோபம்தான் வந்தது. நம்ம பக்கத்து ஜனங்கள் சினிமாக்காரர் கேட்டால் கொடுத்துவிடுவார்கள், சாப்பாடும் போடுவார்கள், அதை இப்படிப் பயன்படுத்துகிறவர்களால் அடுத்து வருகிற நல்ல ஆட்களுக்கும் கதவு மூடும்.

இனிமேல் ஒரு பொருள் வாசலைத் தாண்டும் முன் நான்கு பக்கமும் போட்டோ எடுங்கள், ஏற்கெனவே இருக்கும் கீறல் உட்பட. ஒரு தாளில் பொருள், மதிப்பு, திரும்பி வர வேண்டிய தேதி எழுதி மேனேஜரிடம் கையெழுத்து வாங்குங்கள். முன்பணம் வாங்கி, பொருள் முழுசாக வந்தபிறகு திருப்பிக் கொடுங்கள். தயங்க வேண்டாம், ஒழுங்காக வேலை செய்கிற கலைத்துறை ஆள் அந்தத் தாளை அவரே கொண்டுவருவார். காரைக்குடி பழம்பொருள் கடைகளிலும் மட்டாஞ்சேரிக் கடைகளிலும் வடபழனி வாடகைக் கடைகளிலும் இப்படித்தான் பொருள் கொடுக்கிறார்கள், உங்கள் அம்மாவின் பீரோ அதைவிடக் குறைந்தது இல்லை. பழைய பீரோக் கண்ணாடியில் பூ வெட்டியிருந்தால் அதே மாதிரி வெட்டித் தருகிறவர்கள் காரைக்குடியில் இருக்கிறார்களா என்று கேட்டுப் பாருங்கள்.

கேள்வி: தம்பி, என் மகன் சென்னையில் கலை இயக்குநரிடம் உதவியாளாக மூன்று வருஷமாக இருக்கிறான். வருஷத்துக்கு ரெண்டு தரம்தான் வருகிறான். கேட்டால் ராத்திரி வேலை என்கிறான், பணம் சொன்ன தேதிக்கு வருவதில்லை. அவன் என்னதான் வேலை செய்கிறான் என்றே எனக்குப் புரியவில்லை. இதில் பிழைக்க முடியுமா?
– வாசகி, குமுளி

பதில்: அக்கா, அவன் பொய் சொல்லவில்லை. காலையில் ஏழு மணிக்குக் கேமரா வைக்க வேண்டுமென்றால் செட் விடிவதற்குள் தயாராக வேண்டும், அதனால் மற்றவர்கள் தூங்கும்போதுதான் எங்களுக்கு வேலை. பணம் தள்ளிப்போவதும் உண்மை. தினப் பேட்டாவில் சாப்பாடு ஓடும், சம்பளம் படம் முடிகிறபோது பாதி, அப்புறம் பாதி என்று இழுக்கும். எனக்கும் முதல் சில வருஷம் வீட்டிலிருந்துதான் பணம் வந்தது.

பிழைக்க முடியுமா என்றால், படம் மட்டும் என்று இருந்தால் கஷ்டம், விளம்பரப் படம், தொடர், கல்யாண மேடை, கண்காட்சி அரங்கு என்று இதே கைவேலைக்கு வேறு இடங்களும் இருக்கின்றன, நடுவில் வேலை இல்லாத மாசங்களில் அதைச் செய்யச் சொல்லுங்கள், அதில் கௌரவக் குறைச்சல் ஒன்றும் இல்லை. சங்கக் கார்டு வாங்கிவிட்டானா என்று கேளுங்கள். வாங்கவில்லை என்றால் நகை வாங்கச் சேர்க்கிற பணத்தில் கொஞ்சம் அதற்கு ஒதுக்குங்கள். எந்தப் படத்தில் எத்தனை நாள் வேலை, எவ்வளவு பேசினது, எவ்வளவு வந்தது என்று ஒரு நோட்டில் எழுதி வைக்கச் சொல்லுங்கள், பாக்கியைக் கேட்கப் போகும்போது அந்த நோட்டு வேண்டும்.

என்ன வேலை என்று புரியவில்லை என்றீர்கள். அடுத்த தடவை அவன் வரும்போது, அவன் வேலை செய்த படம் எதையாவது போட்டுவிட்டு, ஹீரோவை விட்டுவிட்டு, "இந்த அறையில் நீ வைத்தது எது?" என்று மட்டும் கேளுங்கள். உங்கள் வீட்டு ஏலக்காய்ச் சாக்கோ, உங்கள் பழைய அஞ்சறைப் பெட்டியோ அதில் எங்காவது இருக்க வாய்ப்பு உண்டு. நாங்கள் எல்லோரும் முதலில் கை வைப்பது அம்மா வீட்டுச் சாமானில்தான். ஏதாவது காணாமல் போயிருந்தால் அவனிடம் ஒரு தடவை விசாரித்துக்கொள்ளுங்கள்.